மட்டை விழுந்தும் உடையாத சோலார் ஷீட்: தோப்புக் கொட்டகையில் பதினாறு மாசம்

காலையில அஞ்சே முக்காலுக்கு மச்சான் போன். "மாப்ள, ராத்திரி மட்டை விழுந்துடுச்சு. உங்க தகடு மேலதான்."

தென்னை மட்டை விழுறதுன்னா என்னன்னு தோப்புக்காரங்களுக்குச் சொல்ல வேண்டியதில்ல. காஞ்ச மட்டைதானேன்னு நினைப்போம். அடிக்கட்டை முதல்ல இறங்கினா கூரை ஓடே உடையும். மல்டிமீட்டரைப் பையில போட்டுக்கிட்டு வண்டியை எடுத்தேன். திருத்துறைப்பூண்டியில இருந்து வேதாரண்யம் தாண்டி கோடியக்காடு போற வழியில இருக்கு தோப்பு. போய்ப் பார்த்தா, கீற்றுக் கூரையில ஒரு பள்ளம், ஷீட்டு அந்தப் பள்ளத்தோட சேர்ந்து குழிஞ்சு கிடக்கு, மேல விரல் நீளத்துக்கு ஒரு கீறல். மட்டையை இழுத்துப் போட்டுட்டு ஒயரைக் கழட்டி அளந்தேன். 25 வோல்ட்டுக்குக் கொஞ்சம் மேல. முந்தின வாரம் என்னவோ அதேதான். கீழ இருந்து ரெண்டு பேரும் ஷீட்டைத் தள்ளினோம், 'டொப்'புன்னு நிமிர்ந்துடுச்சு.

இதை எழுதணும்னு தோணினதே அன்னைக்குத்தான். நான் பேட்டரி, இன்வெர்ட்டர் கடை வச்சிருக்கேன், இருபது வருஷமா. காசு கொடுத்து வாங்கின பொருள் இது, யாரும் ஓசியில கொடுக்கல. கம்பெனி பேரு எழுதல. குறையும் சொல்லப் போறேன், அதோட இந்த மாதிரிப் பொருள்ல பேரைப் பார்த்து வாங்கினா ஏமாறுவீங்க, தகட்டைப் பார்த்து வாங்கணும். ஏமாந்த கதையும் கீழ இருக்கு.

கொட்டகைக்கு எதுக்கு இவ்வளவு மெனக்கெடல்னு கேட்பீங்க. 2018 நவம்பர் 16 விடியக்காலை கஜா புயல் இந்தப் பக்கம் கரையேறினப்ப மச்சான் தோப்புல நூத்துப் பத்து மரத்துல பதினேழுதான் நின்னுச்சு. மறுபடி கன்னு வச்சு வளர்த்தாரு. கொட்டகையை மட்டும் சவுக்குக் கம்பு, மூங்கில், கீற்றுன்னு பழையபடியே கட்டிக்கிட்டாரு. "கான்கிரீட் போட்டு என்ன பண்ண? அடுத்த புயல்ல போனா நூறு கீற்று போகும், அவ்வளவுதானே" என்பாரு. தேங்காய் வெட்டு நேரத்துல ராத்திரி அங்கதான் படுக்கை. மோட்டார் ரூம் தோப்போட மறுகோடியில, அங்கிருந்து ஒயர் இழுக்க வழியில்ல.

முதல்ல நூறு வாட் கண்ணாடி பேனல்தான் போட்டுக் கொடுத்தேன். இரும்புக் குழாய் நட்டு, மேல ஃப்ரேம் வச்சு, ஜம்முனு இருந்துச்சு. அஞ்சாவது மாசம் ஒரு நெத்துத் தேங்காய் நேரா நடுவுல விழுந்துச்சு. டெம்பர்டு கண்ணாடி கல்கண்டாட்டம் நொறுங்கி ஃப்ரேமுக்குள்ளேயே நின்னுச்சு. நின்ன பதினேழு மரத்துல நாலு கொட்டகையைச் சுத்தித்தான் இருக்குங்கிறதை நான் யோசிச்சிருக்கணும். தப்பு என்னுது. மச்சான் ஒண்ணும் சொல்லல, தங்கச்சிக்காரி மூலமா எனக்கு வந்து சேர்ந்துச்சு.

அடுத்தாப்புல ஆன்லைன்ல 'தின் ஃபிலிம் வளையும் சோலார், 100 வாட்'னு போட்டிருந்ததை வாங்கினேன். ஆறாயிரத்துச் சொச்சம். தின் ஃபிலிம்னா, வில்லை வில்லையா இல்லாம, கரண்ட் தர்ற பொருளை மெல்லிய படலமா பூசினது. பார்சலைப் பிரிச்ச உடனே மனசு கெட்டுப் போச்சு. கறுப்புக் கட்டம் கட்டமா, மூலை வெட்டின சதுரம், மேல வெள்ளிக் கம்பிக் கோடு. இது தின் ஃபிலிமே இல்ல. கண்ணாடி பேனலுக்குள்ள இருக்கிற அதே சிலிக்கான் வில்லையைக் கண்ணாடிக்குப் பதிலா ரெண்டு பிளாஸ்டிக் தாளுக்கு நடுவுல ஒட்டி வச்சிருக்காங்க. சிலிக்கான் வில்லை சுமார் 150 மைக்ரான் கனம், அப்பளம் மாதிரி. அப்பளத்தைப் பிளாஸ்டிக் கவர்ல போட்டுட்டா வளையும்னு ஆயிடுமா? கூரையோட வளைவுக்கு அமுக்கினப்ப 'நறுக், நறுக்'னு காதுல கேட்டுச்சு. எட்டு மாசத்துல மேல் பிளாஸ்டிக் மோர் நிறத்துக்கு மங்கி, கொப்புளம் கொப்புளமா எழும்பிடுச்சு. நல்ல வெயில்ல ஷார்ட் சர்க்யூட் கரண்ட், அதாவது ரெண்டு ஒயரையும் நேரா சேர்த்தா ஓடுறது, 3.1 ஆம்பியர், ஸ்டிக்கர்ல 6. வித்தவங்ககிட்ட கேட்டா, திருப்பி அனுப்புற நாள் முடிஞ்சு போச்சாம். எட்டு மாசம் கழிச்சுக் கெடுற பொருளுக்கு ஏழு நாள் வாய்தா.

அந்த ஸ்டிக்கரே அது யாருன்னு காட்டிக் கொடுத்திருக்கும், நான்தான் வாங்கறதுக்கு முன்னாடி கணக்குப் போடல. எந்தத் தகட்டுலயும் ஓபன் சர்க்யூட் வோல்ட் (எதையும் மாட்டாதப்ப வர்றது), ஷார்ட் சர்க்யூட் ஆம்பியர்னு ரெண்டு எண் இருக்கும். ரெண்டையும் பெருக்கி, போட்டிருக்கிற வாட்டை அதால வகுங்க. அந்தப் போலியில 21.8-ஐ 6-ஆல பெருக்கினா 131. நூறை 131-ஆல வகுத்தா 0.76. அது சிலிக்கான் வில்லையோட குணம். இப்ப கூரையில இருக்கிற ஷீட்டுல 25.6 வோல்ட், 5.7 ஆம்பியர், பெருக்கினா 146, வகுத்தா 0.68. வளையுற தின் ஃபிலிம் ஷீட்டு பெரும்பாலும் இந்த அளவுலதான் நிக்கும். குறைவா இருக்கிறது பெருமை இல்ல, ஆனா அடையாளம்.

சரி, அசலுக்கு வருவோம். இது சிஐஜிஎஸ் வகை. செம்பு, இண்டியம், காலியம், செலினியம், இந்த நாலும் சேர்ந்த படலம். கனம் ரெண்டு மைக்ரான் சொச்சம். நம்ம தலைமுடியில முப்பதுல ஒரு பங்கு. வெளிச்சத்தை உறிஞ்சுறதுல சிலிக்கானைவிட இது கெட்டிக்காரன், அதனால இவ்வளவு மெல்லிசா இருந்தாலே போதும். இரும்புத் தகட்டுத் தாள் மேல மாலிப்டினம் பூசி, அதுக்கு மேல இந்தப் படலம், அதுக்கும் மேல துளியூண்டு காட்மியம் சல்ஃபைடு, கடைசியா வெளிச்சம் போற மாதிரி துத்தநாக ஆக்சைடு. கையில எடுத்துப் பார்த்தா ஒரே கறுப்பு, கட்டமே கிடையாது, குறுக்கால மெல்லிசா கோடு மட்டும் ஓடும். ரெண்டு மீட்டர் நீளம், நாப்பது சென்டிமீட்டர் அகலம். என் கடைத் தராசுல ரெண்டு கிலோவுக்குக் கொஞ்சம் கூட. விலை வண்டிக்கூலி சேர்த்து 12,400 ரூபாய். இதே நூறு வாட்டுக் கண்ணாடி பேனலை நான் கடையில 3,800-க்குத் தர்றேன். மூணு மடங்குக்கும் மேல. முதல்லயே சொல்லிடறேன்.

மேல விழுற வெளிச்சத்துல எத்தனை சதவீதத்தைக் கரண்டா மாத்துதுன்னு பார்த்தா, லேப்ல சிஐஜிஎஸ் 23.6 வரைக்கும் போயிருக்கு, சுவீடன்ல உப்சாலா யுனிவர்சிட்டியில. நம்ம கைக்கு வர்ற ஷீட்டு 12, 13 சதவீதம்தான். இப்ப வர்ற கண்ணாடி சிலிக்கான் பேனல் 21, 22. அப்ப ஒரே வாட்டுக்கு இது கிட்டத்தட்ட ரெண்டு பங்கு இடம் பிடிக்கும். கொட்டகைக் கூரையில இடத்துக்கா பஞ்சம்.

கட்டின விதத்துல முதல்ல ஒரு தப்பு பண்ணினேன். நேரா கீற்று மேலேயே விரிச்சு நைலான் கயிறால இழுத்துக் கட்டிட்டேன். சித்திரை வெயில்ல மத்தியானம் அடிப்பக்கம் சூடு பார்த்தா 66 டிகிரி. கீற்று காஞ்ச சருகு, ஒயர் ஜாயின்ட்டுல ஒரு பொறி வந்தா போதும். மறுநாளே மூங்கில் பத்தை ஏழு வச்சு, நாலு விரக்கடை காத்து போற மாதிரி தூக்கிக் கட்டினேன். 58-க்கு இறங்குச்சு. மத்தியானப் பவர் 78 வாட்டுல இருந்து 81-க்கு வந்துச்சு. மூணே வாட்டு. அதுக்காகப் பண்ணல, கூரை பத்திக்காம இருக்கணும்னு பண்ணினது.

இங்க ஒரு விஷயம். விக்கிறவங்க எல்லாரும் 'தின் ஃபிலிம் சூட்டுல குறையாது'ன்னு ஒரே பாட்டு. அரை உண்மை. ஸ்டிக்கர்ல இருக்கிற வாட்டு 25 டிகிரியில அளந்தது. நம்ம ஊர்ல ஆடு மாடுகூட 25 டிகிரியைப் பார்க்கிறது மார்கழி ராத்திரியிலதான். அதுக்கு மேல ஒவ்வொரு டிகிரிக்கும் கொஞ்சம் குறையும். தின் ஃபிலிம்லயே வேற ரெண்டு வகை இருக்கு: அமார்ஃபஸ் சிலிக்கானுக்கு 0.2 சதவீதம்கிட்ட, காட்மியம் டெல்லுரைடுக்கு 0.3 சதவீதம்கிட்ட. அந்த ரெண்டும் நிஜமாவே சூடு தாங்கும். சிஐஜிஎஸ்ஸுக்கு 0.35 பக்கம் வருது, இன்னைக்கு வர்ற நல்ல சிலிக்கான் பேனலும் 0.3-ல இருந்து 0.35-க்குள்ளதான். என் ஷீட்டுல எட்டு டிகிரி இறங்கினதுக்கு மூணு வாட்டு ஏறினது அந்தக் கணக்குக்குச் சரியா இருக்கு. 'மேகத்துலயும் கரண்டு வரும்'ங்கிறதும் அப்படித்தான். வரும், மேகம் விட்ட அளவுக்கு வரும்.

தகட்டுக்கும் பேட்டரிக்கும் நடுவுல சார்ஜைக் கவனிக்கிற கன்ட்ரோலர்லயும் கஞ்சத்தனம் பண்ணி மாட்டிக்கிட்டேன். அறுநூறு ரூபாய் பிடபிள்யூஎம் கன்ட்ரோலர் ஒண்ணு கடையில கிடந்துச்சு, அதையே மாட்டினேன். அது தகட்டைப் பேட்டரி வோல்ட்டுக்கு இழுத்துடும். 13 வோல்ட்டுல அஞ்சு சொச்சம் ஆம்பியர், எழுபது வாட்டைத் தாண்டல. இந்த ஷீட்டு 19, 20 வோல்ட்டுலதான் முழுசா உழைக்கும். அப்புறம் 2,600 ரூபாய்க்கு எம்பிபிடி கன்ட்ரோலர் போட்டேன், அது தகட்டை அதோட நல்ல வோல்ட்டுலயே உழைக்க விட்டு, பேட்டரிக்கு ஏத்த மாதிரி மாத்திக் கொடுக்கும். மேல சொன்ன 78, 81 எல்லாம் அதுக்கப்புறம் வந்தது. தின் ஃபிலிம் வாங்கறவங்க கன்ட்ரோலருக்கும் சேர்த்துக் காசு எடுத்து வைங்க.

கொட்டகையில செலவு என்னன்னா, 12 வோல்ட் எல்இடி பல்பு ரெண்டு, கம்மி கரண்டுல ஓடுற பிஎல்டிசி ஃபேன் ஒண்ணு, ரெண்டு போன் சார்ஜ். ராத்திரி முழுக்க ஃபேன் ஓடினா மொத்தம் 320 வாட்-அவர் பக்கம். 50 ஆம்பியர்-அவர் லித்தியம் பேட்டரி. மாசியில இருந்து வைகாசி வரைக்கும் ஒரு நாளைக்குச் சராசரி 380, 400 வந்துச்சு, மிச்சம் மீதி இருந்துச்சு. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில 60, 70 வந்த நாளும் உண்டு. அப்ப ஃபேன் தேவைப்படாது, கொசுவுக்காக மச்சான் போடுவாரு. ரெண்டு நாள் இருட்டுல உக்காந்தாரு. இதுக்குத் தகட்டைத் திட்ட முடியாது.

புயல் எச்சரிக்கை வந்த அன்னைக்குத்தான் இதோட அருமை தெரிஞ்சுச்சு. சாயங்காலம் மச்சான் ஏறி, எட்டு முடிச்சை அவுத்து, ஷீட்டைப் பாய் மாதிரி சுருட்டி, ஆட்டோவுல வீட்டுக்கு எடுத்துட்டுப் போயிட்டாரு. ரொம்ப இறுக்கிச் சுருட்டக் கூடாது. தண்ணிக் குடத்து வயித்துச் சுத்தளவுக்குக் குறையாம இருக்கணும்னு சொல்லி வச்சிருந்தேன். மூணு நாள் கழிச்சுக் கொண்டு வந்து திரும்பக் கட்டினாரு, அதே வோல்ட்டு. கண்ணாடி பேனலை இந்த மாதிரி கழட்டி மாட்ட ஸ்பேனரோட நான் போகணும்.

குறைக்கு வர்றேன். ஆறாவது மாசம் ஒயர் சேர்ற ஜங்ஷன் பாக்ஸ் பசை விட்டு ஒரு பக்கம் தொங்கிடுச்சு. திறந்தா உள்ள எறும்புப் புத்து. துடைச்சு, சிலிகான் பசை போட்டு ஒட்டினேன் (இது வேற, தகட்டுல இருக்கிற சிலிக்கான் வேற). அணில் ஒருதடவை ஒயரைக் கடிச்சுப் போட்டுச்சு, அது கம்பெனித் தப்பு இல்ல, இப்ப குழாய்க்குள்ள விட்டிருக்கேன். பெரிய குறை மூலையில வந்த கறை. கிழக்கு ஓரத்துல, பத்தாவது மாசம், கறுப்பு நிறம் செம்பட்டை பாய்ஞ்ச மாதிரி. ஓரம் வழியா ஈரம் உள்ள போகுதுன்னு அர்த்தம். மேல இருக்கிற துத்தநாக ஆக்சைடுக்கு ஈரம் ஆகாது. ஈரம் குடிச்சா கரண்டைத் தடுக்க ஆரம்பிச்சுடும். கண்ணாடிக்குள்ள இருந்தா ஈரம் நுழைய முடியாது, பிளாஸ்டிக் தாள் எவ்வளவு நல்லதா இருந்தாலும் கண்ணாடி ஆகாது. அதுவும் அகஸ்தியம்பள்ளி உப்பளத்துக் காத்து நேரா அடிக்கிற இடம். சைக்கிள் செயின் ரெண்டு மழைக்குத் தாங்காத ஊரு. கறையோட விளிம்புல மார்க்கர் பேனாவால கோடு போட்டுத் தேதி எழுதி வச்சேன், ஓரம் முழுக்க சிலிகான் பூசினேன். ஷீட்டைத் துடைச்சுட்டு அளந்தா முதல் மாசத்தைவிட இப்ப 6 சதவீதம் கரண்ட் கம்மி. பதினாறு மாசத்துக்கு 6 அதிகம்தான். நல்ல கண்ணாடி பேனல் அவ்வளவு இறங்கப் பல வருஷம் ஆகும்.

இந்த வரிசையில இன்னொரு ஜாதியும் என் கையில இருக்கு, கடை மொட்டைமாடியில. காட்மியம் டெல்லுரைடு, ரெண்டாங்கை, பெரிய சோலார் பண்ணையில இருந்து கழட்டினது. நாலடிக்கு ரெண்டடி கண்ணாடி, ஃப்ரேமே இல்ல, ஒண்ணு 12 கிலோ, 75 வாட். இதுவும் மெல்லிய படலம்தான், ஆனா ரெண்டு கண்ணாடிக்கு நடுவுல. முதல் நாளே கடைப் பையன் ரெண்டை சீரியல்ல, ஒண்ணு பின்னாடி ஒண்ணா கோத்துட்டான். "அண்ணே, புகை வருதுண்ணே!" ஒவ்வொண்ணும் 90 வோல்ட், ரெண்டும் சேர்ந்து 180, கன்ட்ரோலர் தாங்குறது 100. நான் சொல்லிக் கொடுக்காத தப்பு. ஒரே கண்ணாடியில நூத்துக்கும் மேல பட்டை, ஒவ்வொண்ணும் ஒரு சென்டிமீட்டர் அகலம், லேசர்ல கீறிப் பிரிச்சு வரிசையா கோத்திருக்கும். அதான் வோல்ட்டு எகிறுது, ஆம்பியர் ஒண்ணேகால்கூட வராது.

அந்தப் பட்டையை வச்சு ஒரு வேடிக்கை பார்த்தேன், நீங்களும் பாருங்க. தென்னங்கீற்று ஓலை ஒண்ணை எல்லாப் பட்டையையும் வெட்டிக்கிட்டுப் போற மாதிரி நீளவாக்குல வச்சேன். மீட்டர்ல பத்துல ஒரு பங்குதான் குறைஞ்சுச்சு. அதே ஓலையைத் திருப்பி, பட்டை போற திசையிலேயே வச்சு நாலஞ்சு பட்டையை முழுசா மூடினேன். கரண்ட் கிட்டத்தட்ட செத்துப் போச்சு. ஒரே நிழல், ஒரே அளவு. வரிசையில ஒருத்தன் வழி விடாம நின்னா பின்னாடி இருக்கிறவன் எல்லாம் நிக்கணும்ல. அதனால கம்பம், மரம், தண்ணித் தொட்டி நிழல் எந்தப் பக்கம் நீளுதுன்னு பார்த்து, பட்டையைக் குறுக்க வெட்டுற மாதிரித் தகட்டைத் திருப்பி வைங்க. இதை எந்த மேனுவல்லயும் கொட்டை எழுத்துல போட மாட்டேங்கிறாங்க.

"காட்மியம் விஷமாச்சே, வயலுக்கு ஆகுமா?"ன்னு கடைக்கு வர்ற விவசாயிங்க கேட்கிறாங்க. நியாயமான கேள்வி. டெல்லூரியத்தோட சேர்ந்த காட்மியம் தண்ணியில லேசுல கரையாது, கண்ணாடிக்குள்ள இருக்கிற வரைக்கும் பயமில்ல. உடைஞ்சதை வாய்க்கால்ல போடாதீங்க, வரப்புல அணை கொடுக்காதீங்க. 2022 மின்கழிவு விதியில சோலார் தகடும் சேர்ந்திருக்கு, அந்த வழியில திருப்பிக் கொடுக்கணும். இந்தப் பொருளைப் புதுசாவே நம்ம மாநிலத்துல செய்யறாங்க: ஸ்ரீபெரும்புதூர்கிட்ட பிள்ளைப்பாக்கத்துல ஃபர்ஸ்ட் சோலார் 2024 ஜனவரியில தொறந்த ஆலை, வருஷத்துக்கு 3.3 ஜிகாவாட். பெரிய பண்ணைகளுக்குத்தான் போகுது, சில்லறையில என் கடைக்கு வரல.

மாடி வீட்டுக்காரங்க இதையெல்லாம் படிச்சுட்டுக் குழம்ப வேண்டாம். வீட்டுக்கு மானியம் வேணும்னா பிரதமர் சூரிய வீடு திட்டத்துல மூணு கிலோவாட்டுக்கு 78,000 ரூபாய் வரைக்கும் கிடைக்குது, லைனோட இணைக்கிற சிலிக்கான் பேனல் போட்டுக்குங்க, முடிஞ்சுது. தோப்புக் கொட்டகைக்கு அந்த மானியம் கிடையாது.

பாலிடெக்னிக் பசங்க வந்தா கேட்கிறது வேற: "ஆர்கானிக் சோலார் எப்பண்ணே வரும்?" இயற்கை உரம் மாதிரி ஏதோன்னு நினைச்சுக்கிட்டு ஒரு பெரியவரும் கேட்டாரு. அது கார்பன் சேர்மத்தால ஆன படலம். சிலிக்கானும் இல்ல, உலோகக் கலவையும் இல்ல. சாயம் மாதிரி கரைச்சு அச்சடிக்கலாம், நூறு இருநூறு நானோமீட்டர் கனம் போதும், சிஐஜிஎஸ் படலத்துல பத்துல ஒரு பங்கு. கோடாக் கம்பெனியில சிங் டாங் 1986-ல ரெண்டு அடுக்கு வச்சு 1 சதவீதம் எடுத்துக் காட்டினாரு. உங்க போன்ல இருக்கிற ஓஎல்இடி திரைக்கும் அவர்தான் வழி போட்டவரு. கரண்டைக் கொடுத்தா வெளிச்சம், வெளிச்சத்தைக் கொடுத்தா கரண்டு, ரெண்டும் ஒரே குடும்பம். பிளாஸ்டிக்குல கரண்டு ஓடும்னு கண்டதுக்கு 2000-ல ஹீகர், மக்டயர்மிட், ஷிரகாவா மூணு பேருக்கும் வேதியியல் நோபல். ரொம்ப வருஷம் ஃபுல்லரீன்னு பந்து மாதிரி இருக்கிற கார்பன் உருண்டையைக் கலந்துக்கிட்டு இருந்தாங்க, 2019-ல ஒய்6-ன்னு ஒரு மூலக்கூறு வந்ததும் 15 சதவீதத்தைத் தாண்டிச்சு, இப்ப லேப்ல 20 பக்கம். லேப்னா விரல் நகம் அளவு. வெயில், காத்து, ஈரம் மூணும் அதுக்குச் சத்துரு. சிஐஜிஎஸ்ஸுக்கே ஓரத்துல கறை போட்ட கோடியக்காட்டுக் காத்து அதை என்ன பண்ணும்னு யோசிச்சுக்குங்க. ரூமுக்குள்ள டியூப் லைட்டு வெளிச்சத்துல சின்ன சென்சர் ஓட்டறதுக்கு அது நல்லா வருமாம். பழைய கால்குலேட்டர்ல இருக்கிற அமார்ஃபஸ் சிலிக்கான் செய்யற வேலை. என் மேசையில இருக்கிற கால்குலேட்டருக்கு இருபத்தஞ்சு வயசு, பேட்டரி செத்துப் போச்சு, ட்யூப் லைட்டுல இன்னும் கணக்குப் போடுது. மேல சொன்ன வகுத்தல் எல்லாம் அதுலதான் போட்டேன்.

யார் வாங்கலாம்? மட்டை, தேங்காய் விழுற இடம், கீற்றுக் கூரை, படகு, வாத்து மேய்க்கிறவங்க கூடாரம், கழட்டி மாட்ட வேண்டிய எதுவும். அங்க இந்த 12,400 தண்டம் இல்ல. உடைஞ்ச கண்ணாடி பேனல், ஏமாந்த போலி, ரெண்டுக்கும் சேர்த்து நான் ஏற்கனவே கிட்டத்தட்ட அந்தக் காசை அழிச்சுட்டேன். வெட்டவெளியில கம்பம் நட முடியும்னா, 3,800 ரூபாய் கண்ணாடியே வாங்கிக்குங்க, என் கடைக்குத்தான் வரணும்னு இல்ல. உப்புக் காத்து அடிக்கிற ஊர்ல இருக்கிறவங்க வாங்கின அன்னைக்கே ஓரத்துக்கு சிலிகான் பூசிடுங்க, நான் பத்து மாசம் கழிச்சுப் பூசினேன்.

மச்சான் இன்னொண்ணு கேட்கிறாரு, மிக்சி ஓட்டணுமாம், கொட்டகையில தேங்காய்ச் சட்னி. போன ஞாயித்துக்கிழமை ஏறி அளந்தேன்: கறை, பேனாக் கோட்டுல இருந்து அரை சென்டிமீட்டர் தாண்டியிருக்கு. சிலிகான் தடிப்பா பூசின மூலையில மட்டும் நகரல. இந்த ஐப்பசி மழை முடியட்டும், பார்த்துட்டுச் சொல்றேன்னு சொல்லியிருக்கேன்.